சுற்றி வளைத்து மூக்கைத் தொடும் சரக்கு

"பார்த்தீர்களா, அமெரிக்கா சீனாவைக் கைகழுவிவிட்டது" என்று நண்பர் ஒருவர் வாட்ஸ்அப்பில் ஒரு வரைபடம் அனுப்பியிருந்தார். சீனாவுடன் அமெரிக்காவுக்கு உள்ள சரக்கு வர்த்தகப் பற்றாக்குறை, அதாவது அதற்கு விற்பதைவிட அதனிடம் வாங்குவது எவ்வளவு அதிகம் என்ற கணக்கு. 2018-இல் உச்சிக்குப் போன கோடு, அப்புறம் மலையிலிருந்து உருண்டதுபோல இறங்குகிறது. கோடு பொய்யில்லை. அதிலிருந்து அவர் எடுத்த முடிவுதான் இரண்டு நாளாக உறுத்துகிறது. அவருக்கு எழுதத் தொடங்கிய பதில் நீண்டுகொண்டே போனதால் இங்கே போடுகிறேன்.

அவர் பக்கத்து நியாயத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். 2017-இல் அமெரிக்கா இறக்குமதி செய்த சரக்கில் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் சீனாவிலிருந்து வந்தது. 2024-இல் அது 13 சதவீதம் சொச்சம். 2018-இல் ஏறத்தாழ 41,800 கோடி டாலராக இருந்த பற்றாக்குறை 2024-இல் 29,500 கோடிக்கு இறங்கிவிட்டது. அமெரிக்காவுக்கு அதிகச் சரக்கு அனுப்பும் நாடு என்ற இடத்தை 2023-இல் மெக்சிகோ பிடித்தது. இது சின்ன விஷயமில்லை, ஒப்புக்கொள்கிறேன்.

சரி, இதே காலத்தில் அமெரிக்காவின் மொத்தச் சரக்குப் பற்றாக்குறை என்ன ஆனது? 2018-இல் 90,000 கோடி டாலருக்குக் கொஞ்சம் கீழே இருந்தது, 2024-இல் 1.2 லட்சம் கோடியாகிவிட்டது. எதிர்ப்பக்கம் சீனாவைப் பாருங்கள். 2018-இல் உலகத்தோடு அதற்கிருந்த உபரி 35,000 கோடி டாலர் அளவு. 2024-இல் அது 99,000 கோடி. 2025-இல் 1 லட்சம் கோடியைத் தாண்டியது. அமெரிக்காவுக்கான ஏற்றுமதி ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு சரிந்த அதே 2025-இல்!

2018-இல் ஒருவர் சரக்குக்கு இன்னொருவர் வரி போட்டு இரண்டு பேரும் வர்த்தகப் போரில் இறங்கினார்கள், கொடுக்கல் வாங்கலைக் குறைத்தார்கள். அதன்பிறகும் ஒருவருக்குக் கடன் ஏறிக்கொண்டே போகிறது, இன்னொருவருக்குக் கல்லா நிரம்பிக்கொண்டே இருக்கிறது. இடையில் யாரோ நிற்கிறார்கள் என்றுதானே நமக்குத் தோன்ற வேண்டும்?

வியட்நாமுடன் அமெரிக்காவுக்கு இருந்த பற்றாக்குறை 2018-இல் 4,000 கோடி டாலருக்குள். 2024-இல் 12,300 கோடி. அந்த வியட்நாம் சீனாவிடமிருந்து வாங்கும் சரக்கும் கூடவே ஏறியது. இதை வைத்து, எல்லாம் பெட்டியில் லேபிளை மாற்றி ஒட்டும் வேலை என்று சொல்லிவிட முடியாது. அந்த வேலையும் நடக்கிறது. ஆனால் உண்மையாகவே அங்கே ஆலை கட்டி, ஆள் எடுத்து, பொருளைச் சேர்த்து முடிப்பதும் நடக்கிறது. உள்ளே போகும் பாகங்களில் கணிசமானவை சீனாவில் செய்தவை, அவ்வளவுதான். சுங்கத் துறைக்கு ஒரே கேள்வி: கடைசியாக எந்த நாட்டில் இந்தப் பொருள் உருமாறியது? அந்த நாட்டின் பெயரில் முழு விலையும் ஏறிவிடும். யார் எவ்வளவு உழைத்தார்கள் என்று அந்தப் படிவத்தில் கட்டமே கிடையாது.

இதற்கு நான் எப்போதும் சொல்லும் உதாரணம் பழைய ஐபோன் 3ஜி. 2009-இல் அது ஆலையை விட்டு வெளியே வரும்போது அடக்க விலை 178.96 டாலர் என்று இரண்டு ஆய்வாளர்கள் கணக்கிட்டார்கள். அதில் சீனாவில் பாகங்களைப் பொருத்தியதற்கான கூலி 6.50 டாலர். மீதி ஜப்பான், ஜெர்மனி, தென்கொரியா, ஏன், அமெரிக்காவிலேயே செய்த பாகங்களும்தான். ஆனால் ஏட்டில் முழுவதும் சீனாவின் ஏற்றுமதி. அந்த ஒரு போனால் மட்டும் அந்த ஆண்டு அமெரிக்காவின் பற்றாக்குறையில் சுமார் 190 கோடி டாலர் ஏறியது. அன்று மற்றவர்களின் உழைப்பு சீனாவின் பெயரில் பதிவானது. இன்று சீனாவின் உழைப்பு வியட்நாம், மெக்சிகோவின் பெயரில் பதிவாகிறது. அன்றைக்கு அந்தக் கணக்கைப் பார்த்துப் பதறியதும் தப்பு, இன்றைக்கு இதைப் பார்த்துக் குதிப்பதும் தப்பு.

இதைவிட வேடிக்கை, இரண்டு நாட்டின் ஏடுகளும் ஒத்துப்போவதில்லை. 2024-இல் அமெரிக்காவுக்கு 52,500 கோடி டாலர் அளவுக்கு அனுப்பினோம் என்கிறது சீனச் சுங்கத் துறை. எங்களுக்கு வந்தது 43,900 கோடிதான் என்கிறது அமெரிக்கா. வர்த்தகப் போருக்கு முன்னால் இது தலைகீழாக இருந்தது. ஹாங்காங் வழியாகப் போனதையும் அமெரிக்கா சீனாவின் பெயரில் எழுதியதால் அதன் எண்தான் பெரிதாக இருந்தது. வரி வந்ததும் எண்கள் இடம் மாறிவிட்டன. இறக்குமதி செய்பவர் வரிக்குப் பயந்து விலையைக் குறைத்துக் காட்டுவதற்கு இதில் பெரிய பங்கு உண்டு. 800 டாலருக்கு உட்பட்ட பொட்டலங்களுக்கு வரி கிடையாது என்ற சலுகையும் இருந்தது; அவை அமெரிக்காவின் இறக்குமதி ஏட்டில் சரியாக ஏறவில்லை. 2024 நிதியாண்டில் மட்டும் உலகெங்கிலுமிருந்து அப்படி 130 கோடிக்கு மேல் பொட்டலங்கள் அமெரிக்காவுக்குள் போயின, பெரும்பாலும் சீனாவிலிருந்து. சீனப் பொட்டலங்களுக்கு 2025 மே மாதம்தான் கதவை மூடினார்கள். ஆக, நண்பர் அனுப்பிய கோட்டின் சரிவில் ஒரு பகுதி கப்பலில் நடந்ததே இல்லை, காகிதத்தில் நடந்தது.

அப்படியானால் எதுவுமே மாறவில்லையா? மாறியிருக்கிறது. என் கண்ணுக்கு அது சோயா பீன்ஸில் தெரிகிறது. 2017-இல் சீனா அமெரிக்காவிடம் சுமார் 3.3 கோடி டன் வாங்கியது. 2018 ஜூலையில் வரிச் சண்டை தொடங்கியதும் அந்த ஆண்டு அது பாதியானது. 2020 ஜனவரியில் ஓர் ஒப்பந்தம் போட்டார்கள்: இரண்டு ஆண்டுகளில் கூடுதலாக 20,000 கோடி டாலருக்கு அமெரிக்கச் சரக்கும் சேவையும் வாங்குவதாகச் சீனா எழுதிக் கொடுத்தது. அந்தக் கூடுதலில் ஒரு டாலர்கூட வாங்கவில்லை என்று பின்னால் பீட்டர்சன் என்ற அமெரிக்கப் பொருளாதார ஆய்வு நிறுவனத்தின் சாட் பவுன் கணக்குப் போட்டுக் காட்டினார். இதற்கிடையில் பிரேசில் இடத்தைப் பிடித்துவிட்டது. 2024-இல் சீனா இறக்குமதி செய்த சோயாவில் 70 சதவீதத்துக்கு மேல் பிரேசிலுடையது. 2025 செப்டம்பரில் அமெரிக்காவிலிருந்து வாங்கியது பூஜ்யம். அப்புறம் அக்டோபர் 30 அன்று தென்கொரியாவின் பூசானில் இரு நாட்டு அதிபர்களும் சந்தித்தார்கள். ஆண்டுக்கு 2.5 கோடி டன் வாங்கச் சீனா ஒப்புக்கொண்டதாக அமெரிக்கா வெற்றி முழக்கம் செய்தது. 2017-இல் சண்டையே இல்லாமல் இதைவிட அதிகம் விற்றுக்கொண்டிருந்தவர்கள்!

அமெரிக்க விவசாயிக்கு மாற்று வாங்குபவர் கிடைக்கவில்லை, சீனாவுக்கு மாற்று விற்பவர் கிடைத்துவிட்டார். வலுவான காந்தங்கள் செய்யத் தேவைப்படும் அரிய மண் தனிமங்களில் நிலைமை இன்னும் கூர்மையானது. 2024-இல் அமெரிக்கா எல்லா நாடுகளிலிருந்தும் சேர்த்து இறக்குமதி செய்த அரிய மண் சேர்மங்கள், உலோகங்களின் மதிப்பு சுமார் 17 கோடி டாலர். வர்த்தகக் கணக்கில் தூசு. 2025 ஏப்ரலில் அமெரிக்கா வரியை 145 சதவீதம் வரை ஏற்றியது, சீனா 125 வரை ஏற்றியது. அதெல்லாம் தலைப்புச் செய்தி. அதே மாதம் சீனா ஏழு அரிய மண் தனிமங்களுக்கும் அவற்றில் செய்யும் காந்தங்களுக்கும் ஏற்றுமதி உரிமம் கட்டாயம் என்றது. சில வாரங்களில் கார் ஆலைகளில் காந்தம் இல்லாமல் வேலை தடைப்பட ஆரம்பித்தது. ஜெனிவாவில் மே மாதமே இரு தரப்பும் பேசி, அமெரிக்கா தன் 145 சதவீத வரியை 30 ஆக்கியதற்கு இந்தத் தூசு ஒரு முக்கியக் காரணம் என்பது என் எண்ணம்.

போனுக்குச் சுற்றுவழி இருக்கிறது, சட்டைக்கு இருக்கிறது, நாற்காலிக்கு இருக்கிறது. இந்தக் காந்தத்துக்கு இப்போதைக்கு இல்லை. உலகில் செய்யப்படுவதில் ஏறத்தாழ 90 சதவீதம் சீனாவில்தான். டாலரை மட்டும் கூட்டிக் கழிக்கும் வரைபடத்தில் இது எங்கே தெரியும்?

அடுத்த தடவை அதே தாளில் வியட்நாம் கோட்டையும் சேர்த்து வரைந்து அனுப்பச் சொல்லி நண்பருக்கு எழுதினேன். பதிலுக்குக் கட்டைவிரல் மட்டும் வந்திருக்கிறது.