லாவண்டர் கலர் யாரிடம் இருக்கிறது?

கல்யாணத்துக்கு முன்னால் தோழிகள் ஐந்து பேரைப் பாண்டிச்சேரிக்குக் கூட்டிப்போய், இரண்டு நாள் தன் செலவிலேயே தங்கவைத்தாள் எங்கள் கல்யாணப்பொண்ணு. நல்ல மனசு, அதில் குறையே சொல்லமாட்டேன். ஆனால் கிளம்ப நாலு நாள் இருக்கும்போது வாட்ஸப்பில் வந்ததே டிரெஸ் கோட், அதுதான் வயிற்றெரிச்சல். ஈசிஆரில் போகும்போது வெள்ளை. சுண்ணாம்பாற்றிலிருந்து பாரடைஸ் பீச்சுக்குப் படகேற மஞ்சள். ராத்திரி பீச் ரோட்டில் நடக்க லாவண்டர். தீபாவளிக்கு எடுத்ததே பீரோவில் மடிப்புக் கலையாமல் கிடக்கிறது, இதில் லாவண்டருக்கு எங்கே போவது?

எங்களில் ஒருத்திக்கு மூன்று மாதமாக வேலை இல்லை. இதற்காக எடுத்த டிரெஸ்ஸைக் கடையில் திருப்பிக் கொடுக்கலாம் என்று விலை டேகை வெட்டாமல் டிரெஸ்ஸின் கைக்கு உள்பக்கம் மடித்துச் செருகியிருந்தாள். படகில் தண்ணீர் தெறித்தபோதெல்லாம் அவள் விரல் அங்கேதான் போனது, போட்டோவுக்குச் சிரித்துக்கொண்டே. எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது. சாயங்காலம் ஆனால் வண்டிகூட விடாத அந்தக் கடற்கரைச் சாலையில் பழைய சுடிதாரில் நடந்தால் என்ன குறைந்துவிடும்? நாங்கள் கூட இருக்கவேண்டும் என்றுதானே கூப்பிட்டாள்? கலரை முடிவு பண்ணுமுன் எங்களுக்கு ஒரு போன் போட்டுக் கேட்டிருக்கக் கூடாதா!