மூக்கைத் தேய்த்தால் நாய்க்குட்டி கற்றுக்கொள்வது பயத்தை மட்டும்தான்

“வீட்டுக்குள் சிறுநீர் கழித்தால் குட்டியின் மூக்கை அதில் தேய்த்துவிடுங்கள், இரண்டே நாளில் திருந்திவிடும்” என்று ஒருவர் எழுதியிருக்கிறார். தயவுசெய்து இதைச் செய்யாதீர்கள்.

தரை நனைந்து ஐந்து நிமிடம் கழித்துத் திட்டினால், எதற்குத் திட்டு விழுகிறது என்றே குட்டிக்குப் புரியாது. உங்கள் கண் முன்னால் சிறுநீர் போனால் ஆபத்து என்பது மட்டும் பதிந்துவிடும். அப்புறம் சோபாவுக்குப் பின்னால், கட்டிலுக்கு அடியில் என்று ஒளிந்து போகும். வெளியே கூட்டிப் போனாலும் நீங்கள் பக்கத்தில் நிற்கும்வரை அடக்கிக்கொண்டே இருக்கும். அது தலையைத் தொங்கப்போட்டு நிற்பதைக் குற்ற உணர்வு என்று நினைக்கிறோம். அது பயம்.

சிவாவா, பொமரேனியன் போன்ற சின்ன இனங்கள் பிடிவாதக்காரர்கள் என்பதும் சரியில்லை. அவற்றின் மூத்திரப்பையே சின்னது. 2 மாதக் குட்டி பகலில் 2 மணி நேரம் அடக்கினாலே பெரிது. தூங்கி எழுந்ததும், சாப்பிட்டதும், விளையாடி முடித்ததும் ஒரே இடத்துக்குத் தூக்கிக்கொண்டு போங்கள். போய் முடித்த அந்த நொடியிலேயே, அங்கேயே, ஒரு சின்னத் தின்பண்டம் கொடுங்கள். வீட்டுக்குள் வந்தபின் கொடுத்தால், உள்ளே வந்ததற்குத்தான் பரிசு என்று எடுத்துக்கொள்ளும்.

வீட்டுக்குள் சிறுநீர் போய்விட்டால் சத்தம் போடாமல் துடைத்துவிடுங்கள். அம்மோனியா கலந்த திரவம் வேண்டாம். அதன் வாடை சிறுநீரைப் போலவே இருப்பதால் குட்டி திரும்ப அங்கேயே வரும். என்சைம் கிளீனர் (வாடையைச் சிதைத்து நீக்கும் நொதி கலந்த திரவம்) நல்லது.

நன்றாகப் பழகிய குட்டி திடீரென்று அடிக்கடி வீட்டுக்குள் சிறுநீர் போக ஆரம்பித்தால் சிறுநீர்த் தொற்றாக இருக்கலாம். கால்நடை மருத்துவரிடம் காட்டுங்கள்.