பாட்டுக்குப் பாட்டும் அந்தச் சில நொடி மௌனமும்

இலங்கை வானொலி என்றாலே அறிவிப்பாளர்கள் கே.எஸ். ராஜாவின் வேகம், ராஜேஸ்வரி சண்முகத்தின் குரல், காலைநேரப் பாட்டு நிகழ்ச்சியான பொங்கும் பூம்புனல் என்று பேச்சு போகும். எல்லாமே எனக்கும் உயிர்தான். ஆனால் அந்த வானொலி நமக்குத் தந்ததிலேயே பெரியது எது என்று கேட்டால், பி.எச். அப்துல் ஹமீத் நடத்திய பாட்டுக்குப் பாட்டு நிகழ்ச்சி என்றுதான் சொல்வேன்.

ஓர் எழுத்து கொடுப்பார், அந்த எழுத்தில் தொடங்கும் சினிமாப் பாட்டைச் சொல் பிசகாமல் பாட வேண்டும், அவ்வளவுதான் விளையாட்டு. குரல் இனிமையாக இருந்தால் நல்லது, இல்லாவிட்டாலும் பாதகமில்லை. பாட்டின் வரி மனதில் இருக்கிறதா என்பதுதான் கேள்வி. அதனால்தான் வானொலிப் பெட்டி முன்னால் உட்கார்ந்திருந்த அத்தனை பேரும் போட்டியாளர்கள் ஆனார்கள்.

எங்கள் ஊர் தூத்துக்குடிப் பக்கம் கடலோரம். வானொலியின் மத்திய அலை (மீடியம் வேவ்) உப்புத் தண்ணீர் மேல் நன்றாகப் பயணிக்கும் என்பதை நான் பிற்பாடுதான் படித்தேன், சின்ன வயதில் எனக்குத் தெரிந்ததெல்லாம் கொழும்பு எங்களுக்குச் சென்னையைவிடத் தெளிவாகக் கேட்கும் என்பதுதான். ஆச்சி திண்ணையில் சுளகை வைத்துக்கொண்டு புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருப்பாள். எழுதப் படிக்கத் தெரியாது. எழுத்தைச் சொன்னதும் கை அப்படியே நின்றுவிடும். "ஏலே, கோன்னா கோழிக்கு வார கோ தான?" என்று கேட்பாள். ஆமாம் என்று நான் சொல்லி முடிப்பதற்குள், அங்கே கொழும்பில் போட்டியாளர் யோசித்துக்கொண்டிருக்கும்போதே, இவள் இங்கே பல்லவியைத் தாண்டிச் சரணத்துக்குப் போயிருப்பாள். குறில், நெடில் என்று பள்ளிக்கூடத்தில் சொன்னது எனக்கு மண்டையில் ஏறவே இல்லை, ஏறியது அந்தத் திண்ணையில்தான். ல, ள, ழ மூன்றும் மூன்று ஒலிகள் என்று காது பழகியதும் ஹமீத் அவர்களின் உச்சரிப்பால்தான், இதை எங்கே வேண்டுமானாலும் சொல்வேன்.

நாம் ஏன் கடல் தாண்டிப் போய்ப் பாட்டுக் கேட்டோம் என்பதற்கும் ஒரு கதை உண்டு. 1952இல் ஒலிபரப்புத் துறை அமைச்சரான பி.வி. கேஸ்கருக்குச் சினிமாப் பாட்டு என்றாலே ஆகாது, ஆகாசவாணியில் அதற்கு இடம் சுருங்கிப்போனது. இரண்டாம் உலகப் போரின்போது ராணுவ ஒலிபரப்புக்காகக் கொண்டுவந்த வலுவான கருவிகள் போர் முடிந்ததும் இலங்கை அரசின் கைக்கு வந்திருந்தன, 1950இல் அங்கே வர்த்தக சேவையும் தொடங்கியாயிற்று. அப்புறமென்ன, இந்தி ரசிகர்கள் அமீன் சயானியின் பினாக்கா கீத்மாலா என்ற பாட்டு நிகழ்ச்சிக்காகக் கொழும்புக்குத் திருப்பினார்கள், நாம் தமிழ் அறிவிப்பாளர் மயில்வாகனனுக்காகத் திருப்பினோம். 1957இல் ஆகாசவாணியின் சினிமாப் பாட்டுச் சேவையான விவித பாரதி வந்தபோது நம் காது ஏற்கெனவே கொழும்புக்குப் பழகிவிட்டிருந்தது.

பாட்டுக்குப் பாட்டு பின்னால் சன் டிவிக்கும் வந்தது, ஹமீத் அவர்களே நடத்தினார், அதையும் விடாமல் பார்த்தேன். இருந்தாலும் எனக்கு வானொலிதான் ஒரு படி மேல். போட்டியாளர் தடுமாறுகிற அந்தச் சில நொடிகளில் தொலைக்காட்சியில் அவர் முகம் தெரியும், நாம் அவரை வேடிக்கை பார்ப்போம். வானொலியில் ஒன்றும் இருக்காது, லேசான கரகரப்பு மட்டும்தான், அந்த இடம் முழுக்க நமக்கே. ஆச்சி பாடியது அங்கேதான். இன்றைக்குப் பண்பலையில் ஒரு நொடி சும்மா விட யாருக்கும் மனம் வருவதில்லை. பாட்டுப் போட்டிகளில் சுருதி, தாளம், மேடை உடை எல்லாவற்றுக்கும் மதிப்பெண் இருக்கிறது, வரியைப் பற்றி யாரும் கேட்பதில்லை. கரோக்கியில் திரையிலேயே வரி ஓடிவிடுகிறது. பாட்டு நம் நாக்கில் தங்காமல் போனதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

அந்தக் காலத்தில் வானொலியிலிருந்து கேசட்டில் பிடித்து வைத்தவர்கள் இங்கே கட்டாயம் இருப்பீர்கள். பூசணம் பிடிப்பதற்குள் கணினியில் ஏற்றிவிடுங்கள். ஏற்றும்போது ஒன்றே ஒன்று, போட்டியாளர் யோசிக்கும் இடத்தை வீண் என்று வெட்டிவிடாதீர்கள்.