சிஸ்டர் ரூத்தோடு நிறுத்திவிடாதீர்கள்

பிரிட்டிஷ் நடிகை கேத்லீன் பைரன் பற்றி வெளிவந்த கட்டுரை, 'பிளாக் நார்சிஸஸ்' (1947) படத்தில் அவர் ஏற்ற சிஸ்டர் ரூத் என்ற கன்னியாஸ்திரி வேடத்தோடு நின்றுவிட்டது. அந்த நடிப்பு எப்படி உருவானது என்பதையாவது சொல்லியிருக்கலாம். கதை நடப்பது இமயமலையில். படமாக்கியது பெரும்பாலும் இங்கிலாந்தின் பைன்வுட் ஸ்டுடியோவில். வண்ணப் படத்துக்கான அன்றைய டெக்னிகலர் கேமராவில் ஒரே நேரத்தில் மூன்று பிலிம்கள் ஓடும். வெளிச்சம் மூன்றாகப் பிரிவதால் விளக்குகள் ஏராளமாக வேண்டும், செட் அனலாய்க் கொதிக்கும். உச்சக்காட்சிக்குப் பிரையன் ஈஸ்டேல் முன்கூட்டியே இசையமைத்துவிட்டார்; அந்த இசையின் கணக்குக்குத்தான் நடிகர்கள் நகர்ந்தார்கள். ரூத் வைக்கும் ஒவ்வோர் அடியும் அப்படி அளந்து வைத்தது. வசனம் ஏறக்குறைய இல்லை, கண்ணும் மூச்சும்தான்.

ஆனாலும் பைரனின் மிகச் சிறந்த வேடம் 'தி ஸ்மால் பேக் ரூம்' (1949) சூசன்தான். 'பிளாக் நார்சிஸஸ்' படத்தில் உடன் நடித்த அதே டேவிட் ஃபாரர்தான் ஜோடி, இம்முறை கறுப்பு வெள்ளையில். குடிப்பழக்கத்துக்கும் கால் வலிக்கும் நடுவே தவிக்கும் வெடிகுண்டு நிபுணரை (ஃபாரர்) சூசன் குரல் உயர்த்தாமல் தாங்குகிறார். ரூத்தை மட்டும் பார்த்தவர்கள் இதை அவசியம் பார்க்க வேண்டும்.

'யங் பெஸ்' (1953) படத்துக்காக ஹாலிவுட் போனார். பிறகு பெரும்பாலும் சிறு வேடங்கள், தொலைக்காட்சி. 'சேவிங் பிரைவேட் ரயன்' (1998) படத்தில் முதிய ரயனைக் கல்லறைத் தோட்டத்தில் தேற்றும் மனைவியும் அவர்தான்.