அவமதிப்பு வழக்கு முடிந்த பிறகு மனுதாரருக்கு என்ன கிடைக்கிறது?

ஓய்வு பெற்ற ஆசிரியரான என் தந்தைக்குச் சேர வேண்டிய ஊதிய உயர்வு நிலுவையை 12 வாரங்களுக்குள் வழங்குமாறு உயர் நீதிமன்றம் உத்தரவிட்டிருந்தது. உத்தரவு நகலைப் பதிவு அஞ்சலில் அனுப்பினோம். ஒப்புகை அட்டை திரும்பி வந்தது, பணம் வரவில்லை. கெடு முடிந்த பதினோராம் மாதம் நீதிமன்ற அவமதிப்பு வழக்குத் தொடுத்தோம். விசாரணைக்கு முந்தைய நாள் மாலை அலுவலக உதவியாளர் ஒருவர் வீடு தேடி வந்து, நிலுவையை அனுமதிக்கும் ஆணையைக் கொடுத்து, தந்தையிடம் கையெழுத்து வாங்கிச் சென்றார். மறுநாள் அரசு வழக்கறிஞர் அந்தக் கையெழுத்தை நீதிமன்றத்தில் காட்டினார். அதிகாரியின் நிபந்தனையற்ற மன்னிப்பு ஏற்கப்பட்டு, வழக்கு சில நிமிடங்களில் முடித்து வைக்கப்பட்டது.

மன்னிப்பு ஏற்கப்பட்டதில் எனக்கு மனக்குறை இல்லை. ஆனால் அந்த மன்னிப்பு நீதிமன்றத்திடம் கேட்கப்பட்டது. காத்திருந்தவரிடம் எவரும் எதுவும் கேட்கவில்லை. அவமதிப்பு என்பது நீதிமன்றத்துக்கும் அதன் உத்தரவை மீறியவருக்கும் இடையிலான விவகாரம் என்றும், மனுதாரர் அதைத் தெரியப்படுத்துபவர் மட்டுமே என்றும் சட்டம் கருதுகிறது. 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 12ஆம் பிரிவு விதிக்கும் உச்சபட்சத் தண்டனை ஆறு மாத வெறுங்காவல் (கடின உழைப்பில்லாத சிறை) அல்லது 2,000 ரூபாய் அபராதம் அல்லது இரண்டும். அந்த 2,000 ரூபாய் இன்றும் அப்படியே இருக்கிறது; அதுவும் மனுதாரர் கைக்கு வருவதில்லை. சிறைத்தண்டனை அபூர்வம். மர அறுவை ஆலைகள் தொடர்பான தன் உத்தரவு மீறப்பட்டதற்காக, மகாராஷ்டிர அமைச்சர் ஸ்வரூப் சிங் நாயக்குக்கு உச்ச நீதிமன்றம் 2006இல் ஒரு மாதச் சிறை விதித்ததை இன்றும் நினைவுகூர்கிறோம் என்றால், அப்படி நடப்பது அவ்வளவு அரிது.

அதே சட்டத்தின் 20ஆம் பிரிவின்படி மீறல் நிகழ்ந்த ஓராண்டுக்குள் நடவடிக்கை தொடங்க வேண்டும். அதிகாரியைப் பகைத்துக்கொள்ள அஞ்சி, இன்னும் ஒரு நினைவூட்டல் கடிதம் எழுதிப் பார்ப்போம் என்று பொறுத்திருப்பவர்களைத்தான் இந்தக் கெடு முதலில் தண்டிக்கிறது. இன்னொரு பக்கம், நோட்டீஸ் கிடைத்த பிறகே விழித்துக்கொண்டு, தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவோடு மேல்முறையீடு செய்யும் துறைகளும் உண்டு. மேல்முறையீடு செய்துவிட்டதாலேயே உத்தரவுக்குத் தடை கிடைத்துவிடாது என்பது அவர்களுக்குத் தெரியாததல்ல. “கோரிக்கையைப் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்” என்று மட்டும் உத்தரவு இருந்துவிட்டாலோ, பரிசீலித்து நிராகரித்ததாக ஒரு கடிதம் கொடுத்தால் போதும். உத்தரவு நிறைவேற்றப்பட்டதாக அவமதிப்பு வழக்கு முடிந்துவிடும், மனுதாரர் மறுபடியும் புதிதாக ரிட் மனு போட வேண்டும்.

அதிகாரிகளைக் கூண்டில் நிறுத்தி அவமானப்படுத்த வேண்டும் என்று நான் கேட்கவில்லை. அவர்களை எடுத்ததற்கெல்லாம் நேரில் அழைக்கக் கூடாது, காணொலி வழியே ஆஜராக முதலில் வாய்ப்பளிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2024 ஜனவரியில் வகுத்த நடைமுறை நியாயமானது. ஒரு செயலாளர் நாள் முழுவதும் நீதிமன்ற வராந்தாவில் நின்றால், அவருடைய மேசையில் வேறு நூறு பேருடைய கோப்புகள் காத்துக் கிடக்கும். நான் கேட்பது, மன்னிப்பை ஏற்று வழக்கை முடிக்கும் அதே உத்தரவில், கெடு முடிந்த நாள் முதல் பணம் வழங்கிய நாள் வரைக்குமான வட்டியையும் வழக்குச் செலவையும் கணக்கிட்டு, கோப்பை முடக்கியவரின் ஊதியத்தில் பிடித்து மனுதாரருக்குக் கொடுக்கச் சொல்ல வேண்டும் என்பதே. அரசுக் கருவூலத்திலிருந்து கொடுத்தால் அது மீண்டும் மக்கள் பணம்தான். தவறிய அலுவலரிடமே செலவுத் தொகையை வசூலிக்கும்படி நீதிமன்றங்கள் சில வழக்குகளில் உத்தரவிட்டும் இருக்கின்றன. அது வழக்கமான நடைமுறையாக வேண்டும்.

யார், எத்தனை நாள் முடக்கினார்கள் என்று கண்டுபிடிப்பதும் கடினமல்ல. அன்று மாலை தந்தையின் கைக்கு வந்த ஆணையின் தலைப்பில், ‘பார்வை’ என்ற சொல்லுக்குக் கீழே, நீதிமன்ற உத்தரவும் அதன்பின் நாங்கள் அனுப்பிய நான்கு நினைவூட்டல் கடிதங்களும், அவை அலுவலகத்தில் பெறப்பட்ட தேதிகளோடு, வரிசையாகத் தட்டச்சு செய்யப்பட்டிருந்தன.