ஆள் இல்லையா, பழக்க ஆள் இல்லையா?

ஒவ்வொரு மே, ஜூன் மாதமும் ஒரே வாரத்தில் இரண்டு புலம்பல்கள் என்னிடம் வந்து சேரும். தொழில் நடத்துகிறவர்கள் போன் செய்து, "சார், நல்ல பையனா ஒருத்தன் இருந்தா அனுப்புங்க, ஆளே கிடைக்கல" என்பார்கள். போன வருடம் டிப்ளமோ முடித்த பிள்ளைகள் வீட்டுக்கே வந்து, "எங்க போனாலும் அனுபவம் இருக்கான்னுதான் சார் கேக்கிறாங்க" என்பார்கள். காரைக்குடிப் பக்கம் பாலிடெக்னிக்கில் மின்துறை விரிவுரையாளராக இருப்பதால் இரண்டு தரப்பையும் எனக்குத் தெரியும். யாரும் பொய் சொல்லவில்லை.

பேப்பரிலும் டிவியிலும் இதற்குத் திறன் பற்றாக்குறை என்று பெயர். அந்தப் பேச்சு எங்கே சுற்றினாலும் கடைசியில் பிள்ளைகள் தலையில்தான் வந்து விடியும். இந்தக் காலத்துப் பசங்களுக்குப் பொறுமை இல்லை, போனை விட்டுத் தலையைத் தூக்குவதில்லை, அடிப்படை தெரியவில்லை என்று அடுக்குவார்கள். நான் இதை ஒப்புக்கொள்வதில்லை. ஒரு பிள்ளையைப் பழக்கி ஆளாக்கும் வேலை யாருடையது என்பதில் நாம் எல்லோருமே கையைக் கழுவிவிட்டோம். கம்பெனிதான் சொல்லிக்கொடுக்கும் என்று கல்லூரி இருக்கிறது. கல்லூரி சொல்லிக்கொடுத்திருக்க வேண்டும் என்று கம்பெனி கேட்கிறது. நடுவில் பத்தொன்பது வயதுப் பிள்ளை பயோடேட்டாவை வைத்துக்கொண்டு நிற்கிறது.

புதுவயலில் ஒரு அரிசி ஆலைக்குப் போயிருந்தேன். அந்த ஊரின் ஆலைகளைப் பற்றிக் காரைக்குடி வட்டாரத்தில் யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. இப்போது அங்கே கலர் சார்ட்டர் இல்லாமல் வியாபாரம் ஓடாது. தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன்: அரிசி மேலிருந்து சறுக்குத் தகட்டில் மணி மணியாக இறங்கும், இரண்டு பக்கமும் கேமரா பார்த்துக்கொண்டே இருக்கும், கறுப்போ பழுப்போ தெரிந்த நொடியில் ஒரு சின்ன வால்வு திறந்து காற்றை ஊதி அந்த ஒரு மணியை மட்டும் வெளியே தள்ளிவிடும். ஒளியியல், எலக்ட்ரானிக்ஸ், நியூமேடிக்ஸ் (காற்றழுத்த நுட்பம்), சாப்ட்வேர் நான்கும் ஒரே பெட்டிக்குள். அன்று அது நின்றிருந்தது. நல்ல அரிசியும் கழிவுப் பக்கம் போகிறது என்று நிறுத்தி வைத்துவிட்டு, கோயம்புத்தூரிலிருந்து சர்வீஸ் இன்ஜினியர் வரக் காத்திருந்தார்கள்.

அந்த ஆலையின் எடைமேடைக்குப் பக்கத்து அறையில் பில் போட்டுக்கொண்டிருந்தவன் என் பழைய மாணவன், எலக்ட்ரானிக்ஸ் டிப்ளமோ. என்னைத் தனியாகக் கூட்டிப்போய், "கம்ப்ரஸர் லைன்ல தண்ணி இறங்குது சார், அந்தக் காத்தை உலர்த்துற ட்ரையர் சரியா வேலை செய்யல. அதான் வால்வு ஒட்டுது" என்றான். நீ ஏன் சொல்லவில்லை என்றேன். "சொன்னேன் சார். நான் கை வச்சா வாரண்டி போயிடும்னு ஓனர் பயப்படுறார்" என்றான். மறுநாள் மாலை போன் செய்தான். வந்த இன்ஜினியர் காற்று லைனில் இருந்த தண்ணீரை வடித்து, ட்ரையரைச் சரிசெய்து, ஒட்டிப்போன வால்வுகளை மாற்றிவிட்டுப் போயிருக்கிறார்.

ஆலைக்காரர் கெட்டவர் இல்லை. இவனை அந்த இன்ஜினியரோடு பத்து நாள் விட்டுப் பழக்கினால் என்ன என்று அவரிடமே கேட்டேன். "பழக்கிவிட்டா அடுத்த மில்லுக்காரன் ஆயிரம் ரூபாய் கூடக் கொடுத்துக் கூட்டிட்டுப் போயிடுவான் சார்" என்றார். இதுதான் விஷயத்தின் வேர். சின்ன ஆலை முதல் பெரிய கம்பெனி வரை எல்லோருடைய மனதிலும் இந்தப் பயம் இருக்கிறது. பழக்குகிறவனுக்குச் செலவு, பழகியவனைக் கொத்திக்கொண்டு போகிறவனுக்கு லாபம். அதனால் யாரும் பழக்குவதில்லை, எல்லோரும் பழகியவனையே தேடுகிறார்கள். அப்புறம் ஆள் இல்லை என்ற புலம்பல்.

இந்தப் பயம் நம் ஊருக்குப் புதிதா? பர்மாவிலும் மலாயாவிலும் வட்டிக்கடை வைத்த நகரத்தார் (நாட்டுக்கோட்டைச் செட்டியார்கள்) எப்படி ஆள் உண்டாக்கினார்கள் என்பதை இந்தப் பக்கத்துப் பெரியவர்கள் வீட்டில் இன்றும் கேட்கலாம். சின்ன வயதிலேயே பையன் பெட்டியடிக்குப் போவான். எடுபிடி வேலை, சிட்டை எழுதுவது, மனக்கணக்கு, வந்தவர் முகம் பார்த்து நம்பலாமா வேண்டாமா என்று தீர்மானிப்பது எல்லாம் அந்தக் கணக்குப் பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தே பழகியவை. அப்புறம் அடுத்தாள் (உதவியாளர்), அப்புறம் மேலாள் (கடைப் பொறுப்பாளர்), மூன்று வருடக் கணக்கு முடித்துவிட்டு ஊருக்கு வருவது. நன்றாகப் பழகியவன் ஒருநாள் சொந்தமாகக் கடை போட்டுவிடுவான் என்று தெரிந்தேதான் முதலாளிகள் பழக்கினார்கள். அப்படிப் போனவர்களால்தான் தொழிலும் ஊர் ஊராகப் பரவியது.

அந்த முறையில் பெரிய குறையும் உண்டு. அது ஒரு சமூகத்து ஆண்பிள்ளைகளோடு நின்றுவிட்டது. காரைக்குடி கல்லுக்கட்டிக் கடைத்தெருவில் மூட்டை தூக்கியவரின் மகனுக்கு அந்தப் பெட்டியடியில் இடம் கிடையாது, பெண்பிள்ளைகளுக்குக் கிடையவே கிடையாது. எனக்கு வேண்டியது அந்தப் பழக்கிவிடும் ஒழுங்கு மட்டும்தான், கதவை எல்லோருக்கும் திறந்து வைத்து.

இது பழம்பெருமை என்று நினைப்பவர்கள் வெளிநாட்டைப் பாருங்கள். ஜெர்மனியில் பல தொழில்களுக்கு மூன்று, மூன்றரை வருடம் பயிற்சி. வாரத்தில் பெரும்பகுதி கம்பெனியில், மீதி தொழிற்பள்ளியில், சம்பளமும் உண்டு. தைவானின் டிஎஸ்எம்சி நிறுவனம் அமெரிக்காவில் அரிசோனாவில் சிப் ஆலை கட்டியபோது, கருவிகளைப் பொருத்தத் தேர்ந்த ஆள் போதவில்லை என்று 2023 ஜூலையில் உற்பத்தித் தொடக்கத்தை 2025க்குத் தள்ளிவைத்தது. தைவானிலிருந்து தன் தொழில்நுட்ப ஆட்களை அனுப்பி அங்கே உள்ளவர்களைப் பழக்கப்போவதாகவும் சொன்னது. உலகத்திலேயே மிக நுட்பமான சிப் செய்கிறவர்களுக்கே, தெரிந்தவன் பக்கத்தில் நின்று சொல்லிக்கொடுப்பதைத் தவிர வேறு வழி கிடைக்கவில்லை.

நம் நாட்டில் சட்டம் இல்லாமலும் இல்லை. அப்ரண்டிஸ் (தொழில் பழகுநர்) சட்டம் 1961லேயே வந்தது. 30 பேரோ அதற்கு மேலோ வேலை பார்க்கும் நிறுவனம் தன் ஆள் பலத்தில் 2.5 முதல் 15 சதவீதம் வரை அப்ரண்டிஸ் எடுத்தாக வேண்டும். சின்ன நிறுவனங்களும் விரும்பினால் எடுக்கலாம். 2019இல் திருத்திய விதியில் குறைந்தபட்ச உதவித்தொகை மாதம் டிப்ளமோவுக்கு 8,000, பட்டதாரிக்கு 9,000 ரூபாய் என்று இருந்தது. 2016இல் வந்த தேசிய அப்ரண்டிஸ் ஊக்குவிப்புத் திட்டத்தில், கொடுக்கும் தொகையில் கால் பங்கை, 1,500 ரூபாய் வரை, மத்திய அரசே ஏற்கும் என்று வைத்தார்கள். இந்தப் பக்கத்தில் தொழில் நடத்தும் எத்தனையோ பேரிடம் இதைச் சொல்லியிருக்கிறேன். பாதிப்பேர் கேள்விப்பட்டதே இல்லை. மீதிப்பேர் ஆன்லைனில் பதிவு செய்யப் பயப்படுகிறார்கள். ஆடிட்டர்கள் நினைத்தால் ஒரு மதியத்தில் முடித்துக்கொடுக்கலாம்.

கல்லூரிகளையும் விட முடியாது, என் துறையையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். ஐ.டி.ஐ.யில் பிட்டர் எடுத்தவன் முதல் மாதங்களில் ஒரு இரும்புத் துண்டை அரத்தால் ராவிக்கொண்டே இருப்பான். மூலைமட்டத்தை வைத்து வெளிச்சத்துக்கு எதிரே தூக்கிப் பார்ப்பான். இடையில் மயிரிழை வெளிச்சம் தெரிந்தால் திரும்ப ராவ வேண்டும். பார்க்கிறவர்களுக்கு அது வெட்டி வேலையாகத் தெரியும். ஆனால் அளவு என்றால் என்ன என்பது அவன் கைக்கும் கண்ணுக்கும் ஏறுவது அங்கேதான். இதற்கு நேர் எதிராக, எத்தனை இன்ஜினியரிங் கல்லூரிகளில் லேப் என்பது ரெக்கார்டு நோட்டைப் பார்த்து எழுதுவதோடு முடிந்துவிடுகிறது! நாலு வருடம் படித்தவனிடம் மல்டிமீட்டரைக் கொடுத்தால் எந்தத் துளையில் எந்த வயரைச் சொருகுவது என்று யோசிக்கிறான். அவனைக் குறை சொல்லி என்ன பயன்? அவன் கட்டிய பீஸில் அந்த மீட்டரும் உண்டு.

பெற்றோர்களுக்கும் ஒரு வார்த்தை. கவுன்சலிங் நேரத்தில் வருகிற பத்துப் பேரில் எட்டுப் பேர் கம்ப்யூட்டர் சயின்ஸ் என்ற ஒரே சொல்லோடு வருகிறார்கள். நன்றாக நடக்கும் கல்லூரிகளில் ஒரு பிரிவில் இத்தனை இடம்தான் என்றிருந்த உச்சவரம்பை, தொழில்நுட்பக் கல்லூரிகளை ஒழுங்குபடுத்தும் ஏஐசிடிஇ 2024-25இல் எடுத்துவிட்டது. அதற்கப்புறம் கம்ப்யூட்டர் பிரிவுகள் வீங்குகின்றன, மெக்கானிக்கலும் சிவிலும் சுருங்குகின்றன. கணினி படிக்கக் கூடாது என்று சொல்ல நான் யார்? விருப்பம் இருக்கும் பிள்ளை தாராளமாகப் படிக்கட்டும். ஆனால் புதிதாகச் சேர்கிறவனுக்குக் கொடுக்கும் எளிய கோடிங் வேலையை ஏஐ கருவிகள் செய்யத் தொடங்கியிருக்கும் நேரத்தில், பக்கத்து வீட்டுப் பையன் சேர்ந்தான் என்ற ஒரே காரணத்துக்காக நிலத்தை அடகு வைக்காதீர்கள்.

நம் ஊரிலேயே என்ன இருக்கிறது என்று பாருங்கள். அழகப்பச் செட்டியார் 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுத்ததால் மத்திய மின்வேதியியல் ஆய்வு நிறுவனம் காரைக்குடிக்கு வந்தது. 1948 ஜூலை 25இல் நேரு அடிக்கல் நாட்டினார், 1953 ஜனவரி 14இல் ராதாகிருஷ்ணன் திறந்துவைத்தார். நாம் சிக்ரி என்று சொல்லிவிட்டு பஸ்ஸில் கடந்துபோகும் அந்த இடத்தில், பேட்டரி, துருத்தடுப்பு, முலாம் பூசுதல் என்று எழுபது வருடங்களுக்கு மேலாக வேலை நடக்கிறது. இன்றைக்கு மின்சார வண்டி என்றால் விலையில் பெரிய பங்கு பேட்டரியில்தான் இருக்கிறது. ஓசூரிலும் கிருஷ்ணகிரியிலும் ஸ்கூட்டர் செய்கிறார்கள், தூத்துக்குடியில் வின்பாஸ்ட் கார் ஆலை 2025 ஆகஸ்டில் திறந்துவிட்டது. லித்தியம் செல்லை ஈரப்பதம் மிகமிகக் குறைந்த உலர் அறையில் வைத்துச் செய்ய வேண்டும், ஒவ்வொரு செல்லின் வோல்டேஜையும் கண்காணிக்க வேண்டும், தீப்பிடிக்காமல் கையாளத் தெரிய வேண்டும். இதற்கெல்லாம் ஆராய்ச்சியாளர் ஒருவர் என்றால் டெக்னீஷியன் பல பேர் வேண்டும். அந்தப் பல பேர் அமராவதிபுதூரிலிருந்தும் கோவிலூரிலிருந்தும் கல்லலிலிருந்தும் வர முடியாதா? சிக்ரி வாசலும் நம் ஐ.டி.ஐ., பாலிடெக்னிக் வாசல்களும் இன்னும் நெருங்க வேண்டும். வருடத்துக்கு ஒரு நாள் பிள்ளைகளைக் கூட்டிப்போய்ச் சுற்றிக்காட்டுவது போதாது. ஒரு செமஸ்டர் முழுக்க அங்கே கை வைத்து வேலை பழகும் ஏற்பாடு வேண்டும்.

பெண்பிள்ளைகள் விஷயம் எனக்கு இன்னும் உறுத்துகிறது. என் வகுப்பில் சர்க்யூட்டைச் சட்டென்று பிடித்துக்கொள்வது பெரும்பாலும் அவர்கள்தான். படிக்க ஆதரவும் வந்திருக்கிறது. அரசுப் பள்ளியில் படித்துவிட்டு வருகிறவர்களுக்குப் புதுமைப் பெண் திட்டத்தில் 2022 செப்டம்பரிலிருந்து மாதம் 1,000 ரூபாய் கிடைக்கிறது. தங்க இடமும் வர ஆரம்பித்திருக்கிறது. ஸ்ரீபெரும்புதூர் பக்கம் வல்லம் வடகாலில், தொழிற்சாலையில் வேலை பார்க்கும் 18,720 பெண்கள் தங்கும் விடுதியை 2024 ஆகஸ்டில் திறந்தார்கள். நல்ல காரியம். ஆனால் அங்கே போன என் மாணவிகள் சிலர், லைனில் நின்று ஒரே திருகை முடுக்கும் வேலையிலேயே இருக்கிறார்கள். லைன் நின்றால் சரிசெய்ய வருவது வேறொருவர். டிப்ளமோ படித்த பெண்ணை அந்தச் சரிசெய்கிறவர் பக்கத்தில் நிறுத்திப் பழக்கினால், அவளுக்கும் சம்பளம் ஏறும், கம்பெனிக்கும் ஆள் கிடைக்கும். அப்படி ஒரு வாய்ப்பு இருக்கிறதா என்று கேட்காமல் கேம்பஸ் இன்டர்வியூவுக்குக் கம்பெனிகளை அழைத்துவிட்டு, இத்தனை பேருக்கு வேலை வாங்கிக்கொடுத்தோம் என்று நாம் பேனர் கட்டக் கூடாது.

இந்தப் பதிவைப் படிப்பவர்களில் செட்டிநாட்டு ஊர்களைச் சேர்ந்து, சென்னையிலும் கோவையிலும் பெங்களூரிலும் சிங்கப்பூரிலும் தொழில் நடத்துகிறவர்கள் பலர் இருக்கிறீர்கள். கோயில் திருப்பணிக்கும் பள்ளிக் கட்டடத்துக்கும் அள்ளிக்கொடுக்கிறவர்கள். உங்களிடம் பணம் கேட்கவில்லை. வருடத்துக்கு இரண்டு பிள்ளைகளை எடுங்கள், சாதி பார்க்காமல், பெண்பிள்ளை என்று தயங்காமல். சட்டம் சொல்லும் உதவித்தொகையைக் குறைவில்லாமல் கொடுங்கள். தங்க ஒரு அறைக்கு ஏற்பாடு செய்யுங்கள். முக்கியமாக, உங்கள் ஆட்களில் நன்றாகத் தெரிந்த ஒருவரிடம், "இந்தப் பிள்ளையை ஒரு வருடத்தில் ஆளாக்குவது உன் பொறுப்பு" என்று சொல்லி, அதற்காக அவருக்கும் ஏதாவது சேர்த்துக் கொடுங்கள். சொல்லிக்கொடுத்தால் தன் இடம் போய்விடுமோ என்ற பயம் அவருக்கும் இருக்கும் அல்லவா?

மோட்டார் வைண்டிங், பேனல் வயரிங், பி.எல்.சி. (ஆலை இயந்திரங்களைத் தானாக இயக்கும் கணினி), சோலார், பேட்டரி சர்வீஸ் என்று எந்தப் பிள்ளைக்கு எதில் நாட்டம் என்ற பட்டியல் என்னிடம் இருக்கிறது. இறுதியாண்டுத் தேர்வு முடிந்ததும் அவர்கள் கிளம்பத் தயார். இன்பாக்ஸில் எழுதுங்கள். எழுதும்போது என்ன சம்பளம் என்பதோடு, யார் பழக்குவார் என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.