மாண்ட்கோமரியை விடுங்கள், ஸ்லிம்மைப் பேசுவோம்

இரண்டாம் உலகப்போர் பற்றிப் பேச்செடுத்தால் பிரிட்டிஷ் தளபதிகளில் மாண்ட்கோமரி பெயர்தான் முதலில் வரும். நான் வில்லியம் ஸ்லிம் கட்சி. இம்பாலில் நேதாஜியின் படைக்கு எதிரே நின்ற ஆளைப் போய்ப் புகழ்வதா என்று சிலருக்குக் கோபம் வரலாம். அதற்கும் வருகிறேன்.

ஸ்லிம் பெரிய வீட்டுப் பிள்ளை இல்லை. 1891இல் பிரிஸ்டலில் பிறந்தவர். அப்பாவுக்கு இரும்புச் சாமான் வியாபாரம். அது நொடித்துப்போய்க் குடும்பம் பர்மிங்காமுக்குப் போனது. அங்கே ஆரம்பப் பள்ளியில் வாத்தியார் வேலை, அப்புறம் ஒரு இரும்புக் குழாய் கம்பெனியில் குமாஸ்தா. அந்தக் காலத்தில் பிரிட்டிஷ் ராணுவத்தில் அதிகாரியாக இருக்க வீட்டில் பணம் இருக்க வேண்டும். 1914இல் முதல் உலகப்போர் வெடித்ததால்தான் இவரையும் உள்ளே விட்டார்கள். கலிப்போலியிலும் மெசபடோமியாவிலும் குண்டடி பட்டார். கலிப்போலியில் கூடவே சண்டை போட்ட கூர்க்காக்களை அவ்வளவு பிடித்துப்போய், பிறகு இந்திய ராணுவத்துக்கு மாறி, அதே கூர்க்கா பட்டாலியனில் சேர்ந்துவிட்டார். சம்பளம் பற்றாமல் புனைபெயரில் பத்திரிகைகளுக்குக் கதை எழுதியிருக்கிறார் என்பது உபரித் தகவல்.

1942 மார்ச்சில் பர்மாவில் அவர் பொறுப்பேற்றபோது ரங்கூன் ஏற்கெனவே ஜப்பானியரிடம் விழுந்தாயிற்று. மிஞ்சியது பின்வாங்குவது மட்டும்தான். ரங்கூனிலிருந்து இம்பால் வரை கணக்குப் போட்டால் சுமார் 900 மைல். தமிழர்கள் உட்பட, உயிர் பிழைக்க ஓடிவந்த இந்தியர்கள் பெருங்கூட்டமாக நடந்ததும், எல்லை ஊரான தமு வழியாகப் போகும் இதே பாதையில்தான். செட்டிநாட்டுப் பக்கம் 'பர்மாவிலிருந்து நடந்தே வந்த' தாத்தா கதை நிறைய வீடுகளில் உண்டு. மே மாத மழையில் கடைசிப் படைப்பிரிவு இம்பாலுக்கு வந்துசேர்ந்ததை ரோட்டோர மேட்டில் நின்று பார்த்தார் ஸ்லிம். எலும்பும் தோலும், கந்தல் சட்டை. ஆனாலும் ஆயுதத்தை யாரும் போட்டுவிட்டு வரவில்லை, அணியும் கலையவில்லை.

எனக்கு அவரைப் பிடிப்பது இதற்கு அடுத்த இரண்டு வருடங்களுக்காக. 1943 கடைசியில், பர்மா முனையில் ஜப்பானியரை எதிர்த்த 14ஆவது ராணுவம் அவர் கைக்கு வந்தபோது, காயம்பட்டு ஆஸ்பத்திரிக்குப் போகும் ஒரு ஆளுக்கு 120 பேர் நோயில் போய்க்கொண்டிருந்தார்கள். முக்கியமாக மலேரியா. அதைத் தடுக்க மெபாக்ரின் மாத்திரை இருந்தது. அதைத் தின்றால் ஆண்மை போய்விடும் என்று ஒரு வதந்தியும் கூடவே இருந்தது. ஸ்லிம் சிப்பாய்களைத் திட்டிக்கொண்டு நிற்கவில்லை. திடீர்ச் சோதனை வைத்தார். ஒரு பட்டாலியனில் 95 சதவீதம் பேராவது மாத்திரை போட்டிருக்காவிட்டால் அதன் தளபதிக்கு வேலை போகும். மூன்று பேருக்குத்தான் போனது, மற்றவர்களுக்குப் புரிந்துவிட்டது. தப்பு கீழே நடந்தால் மேலே இருப்பவன் பதில் சொல்லட்டும் என்ற இந்தக் கணக்கை நம் அலுவலகங்களில் எங்கே பார்க்கிறோம்? முன்வரிசையில் அரை ரேஷன் என்றால் தலைமையகத்திலும் அரை ரேஷன்தான். பாராசூட்டுக்குத் துணி கிடைக்காதபோது கல்கத்தா சணல் ஆலைகளில் சணலிலேயே தைக்கச் சொன்னார். ஆள் குதிக்க ஆகாது, மூட்டை போட ஆகும். செலவு சுமார் இருபதில் ஒரு பங்குதான்.

1944இல் ஜப்பானியர் தாக்கியும் இம்பாலும் கோஹிமாவும் விழாமல் நின்றன. கோஹிமாவுக்கு ஜப்பானியர் ஒரு ரெஜிமெண்டைத்தான் அனுப்புவார்கள் என்று கணக்குப் போட்டார். வந்தது ஒரு முழு டிவிஷன். இதைத் தன் தவறு என்று நினைவுக் குறிப்பில் அவரே எழுதிவைத்திருக்கிறார். ஜெயித்த தளபதி இப்படி எழுதுவது அபூர்வம். மறுவருடம் ஐராவதி ஆற்றுச் சண்டையில் போலித் தலைமையகம் வைத்து வானொலியில் பேசவைத்து, ஜப்பானியர் மாண்டலேயைப் பார்த்துக்கொண்டிருக்கும்போது மெய்க்டிலாவைப் பிடித்தது தனிக் கதை.

இப்போது நேதாஜி விஷயம். இந்திய தேசிய ராணுவத்தைப் பற்றி ஸ்லிம் எழுதியதில் இளக்காரம்தான் தெரிகிறது. மலாயா தோட்டங்களிலிருந்து அத்தனை தமிழர்கள் ஏன் அந்தப் படைக்குப் போனார்கள் என்று ஒரு நிமிடம் யோசித்த மாதிரி இல்லை. அவர் படையில் பெரும்பான்மை இந்தியர்கள், அதில் மதராஸ் ரெஜிமெண்ட்காரர்களும் உண்டு. சிப்பாயின் மனசை அவ்வளவு தெரிந்தவருக்கு எதிர்ப்பக்கம் நின்ற அதே ஊர்க்காரனின் மனசு தெரியாமல் போனது குறைதான். அதை நான் பூசி மெழுகப் போவதில்லை.

ரங்கூனைப் பிடித்த கையோடு அவரை ஓரங்கட்டப் பார்த்தார் மேலதிகாரி லீஸ். கடைசியில் லீஸுக்குத்தான் பதவி போனது. 1948இல் ஸ்லிம்முக்குப் பிரிட்டிஷ் ராணுவத் தலைமைப் பதவி. மாண்ட்கோமரி வேறு ஆளை நினைத்திருந்தார், பிரதமர் அட்லி கேட்கவில்லை. 1953 முதல் 1960 வரை ஆஸ்திரேலியாவின் கவர்னர் ஜெனரல்.

அந்த ஆஸ்திரேலிய வருடங்களைப் பற்றி, 1970இல் அவர் இறந்து வெகுகாலம் கழித்து ஒரு புகார் எழுந்தது. பிரிட்டனிலிருந்து ஆஸ்திரேலியாவுக்கு அனுப்பப்பட்டு அங்கே பண்ணைப் பள்ளியில் வளர்ந்தவர்கள், தங்கள் சிறுவயதில் அவர் தங்களிடம் தகாத முறையில் நடந்துகொண்டதாகச் சொன்னார்கள். அவருடைய குடும்பத்தார் மறுத்தார்கள். கான்பெராவில் அவர் பெயரிலிருந்த சாலைக்குப் பெயரை மாற்றிவிட்டார்கள். நீதிமன்றத்தில் நிறுத்த ஆள் உயிரோடில்லை. அதற்காகச் சொன்னவர்களைப் பொய்யர்கள் என்று தள்ள எனக்கு மனமில்லை. நான் புகழ்வது 1942க்கும் 1945க்கும் நடுவே பர்மா எல்லையில் வேலை பார்த்த தளபதியை, அந்த அளவுக்குத்தான்.